நிமிட முள் மட்டும் அணைந்துபோன என் வாட்ச்

"நீ கட்டியிருக்கிற வாட்ச் இப்ப விலை இறங்கியிருக்கு, வாங்கலாமா?" என்று நண்பன் நேற்று கேட்டான். அது சர்வீஸிலிருந்து திரும்பி நாலு நாள்தான் ஆகிறது. அவன் கேட்ட நேரம் சரியில்லை. ஆனாலும் ஆறு வருடம் கட்டியவன் என்ற முறையில் முழுசாகச் சொல்லிவிடுகிறேன்.

கை அசைவிலேயே சாவி ஏறும் ஆட்டோமேட்டிக், 200 மீட்டர் தண்ணீர் தாங்கும், கடலில் முங்குபவர்களுக்கான டைவர் வாட்ச் என்பதெல்லாம் தெரிந்ததுதான். தினமும் பத்துப் பன்னிரண்டு நொடி முந்தும், ஞாயிற்றுக்கிழமை திருத்திக்கொள்வேன். அது எனக்குக் குறையே இல்லை. இதை நான் கழற்றாமல் வைத்திருப்பது இருட்டில் வரும் அந்தப் பச்சை வெளிச்சத்துக்காக.

திருச்சியில் இறங்கவேண்டிய ராத்திரி ரயிலில், மேல் பர்த்தில், போர்வைக்குள் மணிக்கட்டைத் திருப்பினால் போதும். குழந்தைக்குப் பால் கொடுத்த நேரத்தை ஒரு வருடம் இதில்தான் பார்த்தோம். போனைத் தொட்டால் அந்த வெளிச்சத்திலேயே அவள் முழித்துவிடுவாள். விளக்கணைத்த முதல் பத்து நிமிடம் டயல் பளீரென்று இருக்கும், அப்புறம் மளமளவென்று இறங்கும். இறங்கியபின் அணையாது. விடியற்காலை நாலு மணிக்கு, இருட்டுக்குப் பழகிய கண்ணுக்கு, மெல்லிய சாம்பல் பச்சையில் பன்னிரண்டு புள்ளியும் அப்படியே நிற்கும்.

பார்ப்பவர்கள் "ரேடியமா?" என்பார்கள். நம்பர் பிளேட் ஸ்டிக்கர் கடைக்கே ரேடியம் கடை என்று பெயர் வைத்தவர்கள் நாம். நிஜ ரேடியம் கொடுமையானது. நூறு வருடத்துக்கு முன் நியூ ஜெர்சியில் அதை டயலில் பூசிய பெண்கள் பிரஷ் நுனியை உதட்டில் வைத்துக் கூராக்கினார்கள். தாடை எலும்பு அழுகிச் செத்தவர்கள் அவர்களில் உண்டு. என் வாட்சில் இருப்பது ஸ்ட்ரோன்ஷியம் அலுமினேட் என்ற ஒளிரும் பூச்சு, 1990களில் ஜப்பானின் நெமோட்டோ நிறுவனம் கொண்டுவந்தது. கதிரியக்கம் கிடையாது. வாங்கிய வெளிச்சத்தைத்தான் திருப்பித் தரும். 1600களின் தொடக்கத்தில் இத்தாலியின் போலோனியாவில் காஷாரோலோ என்ற செருப்புத் தைப்பவர், ரசவாதத்தில் இறங்கியவர், பக்கத்து மலையில் கிடைத்த கனமான கல்லைக் கரியோடு சேர்த்துச் சுட்டார். தங்கம் வரவில்லை. வெயில் காட்டி இருட்டுக்குள் கொண்டுபோனால் கல் தணல்போல மினுங்கியது. அந்த ஆளுக்கு அன்று எப்படி இருந்திருக்கும் என்று எனக்குத் தெரியும். விளக்கணைத்தவுடன் டயலைப் பார்க்கும்போது இன்றுவரை எனக்கு அப்படித்தான் இருக்கிறது.

தொல்லையும் உண்டு. முழுக்கை சட்டை போட்டால் சாயங்காலம் முழுக்கப் பட்டினி. மஞ்சள் பல்பு வெளிச்சம் இதற்குப் பத்தாது, நீலமும் புற ஊதாவும்தான் தீனி. அதனால் இருட்டுவதற்குள் சன்னல் ஓரமாகக் கையை நீட்டி ரெண்டு நிமிடம் நிற்பது வழக்கமாகிவிட்டது. அதுவும் பிடித்துத்தான் செய்தேன்.

இப்போது சர்வீஸ் விஷயம். ரப்பர் வாஷர் மாற்றி, எண்ணெய் போட்டு, தண்ணீர் புகாமல் சோதித்துத் தந்தார்கள். ஈரம் பட்டால் இந்தப் பூச்சு கெட்டுவிடும் என்பதால் வாஷர் வேலை முக்கியம், அதைச் சரியாகவே செய்திருக்கிறார்கள். இப்போது நாளுக்கு நாலு நொடிதான் முந்துகிறது. நல்ல வேலை, மறுக்கமாட்டேன். ஆனால் அன்று ராத்திரி விளக்கணைத்தால் நிமிட முள் மட்டும் வேறு நிறம். மற்றதெல்லாம் பச்சை, அது மஞ்சள் கலந்தது. இருபது நிமிடத்தில் சுத்தமாக அணைந்தது. காலையில் லென்ஸ் வைத்துப் பார்த்தேன். பழைய வகைப் பூச்சு, ஓரத்தில் திட்டாகத் தடித்திருந்தது.

சர்வீஸ் செய்தவரைக் கேட்டபோது, "பழைய முள்ளுல பூச்சு விரிசல் விட்டிருந்தது சார், அதான் வேற முள் போட்டேன். பகல்ல வித்தியாசமே தெரியாது" என்றார். பகலில் தெரியாதுதான். ஆனால் டைவர் வாட்சில் உயிரே நிமிட முள்தான். மூச்சுக் காற்றைக் கணக்குப் பார்க்க முங்குபவருக்கு வேண்டியது மணி அல்ல, நிமிடம். இதற்கான ஐ.எஸ்.ஓ. 6425 தரமே இருட்டில் 25 சென்டிமீட்டர் தூரத்திலிருந்து நேரம் படிக்க முடியவேண்டும் என்கிறது. என்னிடம் ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். விரிசல் விட்ட அந்த முள்ளையாவது திருப்பித் தந்திருக்கலாம். தூக்கிப் போட்டுவிட்டாராம்.

எனவே நண்பா, இன்றைக்குக் கேட்டால் வாங்காதே என்றுதான் சொல்வேன். விலை எவ்வளவு இறங்கினாலும் சரி. ஒரு முள் போனால் அதே முள்ளைத் தேடி அலையவேண்டிய பொருள் இது. நான் இதுவரை மூன்று பேரிடம் சொல்லிவைத்திருக்கிறேன், கிடைக்கவில்லை.

நேற்று ராத்திரியும் கட்டிக்கொண்டுதான் படுத்தேன். நடுவில் முழிப்பு வந்தபோது மணி முள் மட்டும் தெரிந்தது, மூன்றைத் தாண்டி நாலுக்குப் பாதி வழியில். மூன்றரை இருக்கும் என்று நினைத்தேன். எழுந்துபோய் ஹால் கடிகாரத்தைப் பார்த்தேன், மூன்று முப்பத்திரண்டு.