குதிகால் தசைநாண் அறுந்தால் தையலா, பூட்ஸா?

கெண்டைக்கால் தசையைக் குதிகால் எலும்போடு இணைக்கும் நாண் இது. அறுந்ததா என்று பார்க்க, நோயாளியைக் குப்புறப் படுக்கவைத்துக் கெண்டைக்காலை அழுத்தினால் பாதம் கீழ்நோக்கி அசைய வேண்டும். அசையவே இல்லையென்றால் தசைநாண் முழுதாக அறுந்திருக்கவே வாய்ப்பு அதிகம். அப்புறம்தான் தைப்பதா, தைக்காமல் மருத்துவ பூட்ஸ் (பாதத்தைக் கீழ்நோக்கியபடி பிடித்துவைக்கும் காலணி) போட்டு ஆறவிடுவதா என்ற கேள்வி.

தைத்தால் மறுபடி அறுவது குறைவு. 2022-ல் வெளியான நார்வே ஆய்வில் தைத்தவர்களுக்கு 0.6 சதவீதம், தைக்காதவர்களுக்கு 6.2. ஆனால் ஒரு வருடம் கழித்து இரு தரப்பின் நடமாட்டமும் ஏறக்குறைய ஒன்றுதான். தவிர, தைக்கும் இடத்தில் தோல் மெல்லியது. சீழ் பிடிக்கலாம், பக்கத்து நரம்பும் அடிபடலாம்.

பூட்ஸில் கத்தி இல்லை, பொறுமைதான் வேண்டும். குதிகாலுக்கு அடியில் வைத்த ஆப்புகளை வாரக்கணக்கில் ஒவ்வொன்றாகத்தான் எடுப்பார்கள்.

சர்க்கரை நோயாளிக்கும் புகைப்பவருக்கும் நான் பூட்ஸையே சொல்வேன். அறுந்து பல வாரம் கழித்து வந்தால் முனைகள் விலகியிருக்கும். அப்போது பெரும்பாலும் அறுவை சிகிச்சைதான்.