பெங்குவினைப் பறக்கவைத்த சிட்டைக் கணக்கு

கீழமாசி வீதியில் எங்களுடையது பலசரக்கு மொத்த வியாபாரம். 2010-இல் படிப்பை முடித்துவிட்டுக் கடையில் அப்பாவுக்குத் துணையாக உட்கார்ந்தேன். மதியம் இரண்டு மணிக்கு மேல் கூட்டம் தணிந்துவிடும். அந்த நேரத்தில் சிம்மக்கல்லில் இருந்த ஒரு பிரவுசிங் சென்டருக்குப் போவேன். ஒரு மணி நேரத்துக்கு 15 ரூபாய். 'லேர்ன் டு ஃப்ளை' என்ற விளையாட்டை அங்கேதான் முதலில் பார்த்தேன். அது வெளிவந்து ஓர் ஆண்டுதான் ஆகியிருந்தது. இன்று வரை அதையும் அதன் அடுத்த பாகங்களையும் விட்டுவிடாமல் விளையாடி வருகிறேன். இத்தனை ஆண்டுகளில் கைக்கும் கணக்குக்கும் பிடிபட்டவற்றை இங்கே எழுதுகிறேன்.

தெரியாதவர்களுக்கு நாலே வரி. பெங்குவினால் பறக்க முடியாது என்று இணையக் கலைக்களஞ்சியத்தில் படித்துவிட்டு ஒரு பெங்குவின் மனம் குமுறுகிறது. பறந்து காட்டியே தீருவேன் என்று கிளம்புகிறது. பனிச்சறுக்கில் இறங்கி, முனையில் எழும்பி, காற்றில் போய், தண்ணீரில் விழுகிறது. ஒரு தடவை பறந்தால் ஒரு நாள் கணக்கு. போன தூரம், ஏறிய உயரம், காற்றில் நின்ற நேரம் ஆகியவற்றுக்குப் பணம் வரும். அந்தப் பணத்தில் சறுக்கின் உயரத்தைக் கூட்டலாம், சறுக்கில் உராய்வைக் குறைக்கலாம், காற்றுத்தடையைக் குறைக்கலாம், காற்றில் மிதக்கவைக்கும் இறக்கையான கிளைடரும் ராக்கெட்டும் எரிபொருளும் வாங்கலாம். மறுநாள் மீண்டும் பறக்க வேண்டும்.

இதற்கு முன் 2004-இல் வந்த 'யெட்டி ஸ்போர்ட்ஸ்' விளையாட்டிலும் பெங்குவின்தான். பனி மனிதக் குரங்கு தடியால் அடிக்கும், அது பறக்கும். அதில் வாங்குவதற்கு ஒன்றும் இல்லை. அடிக்கும் நொடிதான் எல்லாம். தூர விளையாட்டுக்குள் ஒரு கடையைக் கொண்டுவந்து வைத்ததும் கையோடு தலையும் வேலை செய்ய வேண்டியதாயிற்று. கடைக்காரன் வீட்டில் பிறந்த எனக்கு அதுவே பிடித்துப்போயிற்று.

தொடக்கத்தில் எல்லாரும் செய்வதைத்தான் நானும் செய்தேன். பட்டியலில் ராக்கெட் கண்ணில் பட்டதும் அதற்காகப் பணம் சேர்க்க ஆரம்பித்தேன். நாள்கணக்காக வெறும் உடம்போடு பறந்து, விழுந்து, சில்லறை சேர்த்து ராக்கெட்டை வாங்கி முடித்தபோது ஒரு மணி நேரம் தீர்ந்திருந்தது. பக்கத்து இருக்கையில் இருந்த பள்ளிப் பையன் சறுக்கின் உயரத்தை மட்டும் இரண்டு மூன்று படி ஏற்றி, மலிவான கிளைடர் ஒன்றை மாட்டிக்கொண்டு, அதற்குள் என்னைத் தாண்டிப் போயிருந்தான்.

அன்று இரவு கடையில் அன்றாட வரவு செலவுச் சிட்டை எழுதிக்கொண்டிருந்தபோது அப்பா வழக்கமாகச் சொல்வது நினைவுக்கு வந்தது: "விலையைப் பார்க்காதே, போட்ட முதல் எத்தனை நாளில் திரும்பும் என்று பார்." மிளகு மூட்டையில் லாபம் அதிகம்; ஆனால் அது நாள்கணக்கில் கிடக்கும். உப்பிலும் புளியிலும் லாபம் குறைவு. ஆனால் அன்றைக்கே கல்லாவுக்கு வந்துவிடும். சின்னக் கடையை உப்பும் புளியும்தான் வளர்க்கும். மிளகு மூட்டை பிறகு வாங்கிக்கொள்ளலாம்.

மறுநாள் ஒரு பழைய சிட்டையை எடுத்துக்கொண்டு போனேன். இடது பக்கம் நாள், அடுத்து வாங்கிய பொருள், அதன் விலை, கடைசியில் அன்றைய வரவு. ஒரு பொருள் வாங்குவதற்கு முன் மூன்று தடவையும் வாங்கிய பின் மூன்று தடவையும் பறந்து, சராசரி வரவு எழுதினேன். ஒரே தடவை பறந்து பார்த்து முடிவு கட்டக் கூடாது. கை ஒரு தடவை சரியாக இருக்கும், மறு தடவை பிசகும். பிறகு விலையைக் கூடுதல் வரவால் வகுத்தேன். எடுத்துக்காட்டாக, 150 டாலர் விலையுள்ள சறுக்கு உயரம் நாளொன்றுக்கு 50 டாலர் கூட்டினால் மூன்று நாளில் முதல் வந்துவிடும். 1000 டாலர் ராக்கெட் 100 டாலர் கூட்டினால் பத்து நாள். நாலாம் நாளிலிருந்து அந்தச் சறுக்கு தரும் 50 டாலரும் ராக்கெட்டுக்கான சேமிப்பில் சேருகிறது என்பதையும் மறக்கக் கூடாது. நாள் எண்ணிக்கை எதில் குறைவோ அதை வாங்கு. இந்த ஒரே விதியில் என் ஆட்டம் முன்பைவிடப் பாதி நாள்களில் முடிந்தது.

விதிக்கு இரண்டு விலக்குகள் உண்டு. சில பொருள்கள் ஜோடி சேர்ந்தால்தான் வேலை செய்யும். ராக்கெட் வாங்கிவிட்டு எரிபொருளை முதல் படியிலேயே வைத்திருப்பது, அடுப்பை வாங்கிவிட்டு விறகு வாங்காமல் இருப்பதற்குச் சமம். கிளைடருக்கும் உயரத்துக்கும் அதே உறவு. ஆகவே தனித்தனியாகப் பார்த்தால் மட்டமாகத் தெரியும் இரண்டைச் சேர்த்து ஒரு சரக்காகக் கணக்கிட்டுப் பார்க்க வேண்டும். இரண்டாவது விலக்கு, இலக்கு நெருங்கும்போது. இன்னும் நாலு நாளில் ஆட்டம் முடியும் என்று தெரிந்தால், ஆறு நாளில் முதல் திரும்பும் பொருள் வீண். கடையைக் காலி செய்யும் வாரத்தில் யாரும் கொள்முதல் செய்வதில்லை. அப்போது வரவை மறந்துவிட்டு, தூரத்தை நேரடியாகக் கூட்டுவது எதுவோ அதில் எல்லாப் பணத்தையும் கொட்டிவிட வேண்டும்.

காற்றுத்தடைக் குறைப்பு பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். பலர் அதை ஆரம்பத்திலேயே வாங்கி ஏமாறுகிறார்கள், அல்லது கடைசி வரை தொடாமலே இருந்துவிடுகிறார்கள். ஆடி மாதம் மதுரையிலிருந்து நாகமலைப் புதுக்கோட்டைக்கு மேற்கே சைக்கிள் மிதித்தவர்களுக்கு நான் சொல்வது உடனே விளங்கும். அம்மியே பறக்கும் காற்று எதிரே வரும். மெதுவாக மிதித்தால் ஓரளவு போகலாம். வேகத்தைக் கூட்டக் கூட்ட நெஞ்சில் சுவர் வைத்து அழுத்துவது போல் இருக்கும். கைப்பிடி மேல் குனிந்தால் அதே மிதிக்குச் சைக்கிள் சட்டென்று முன்னே போகும். இயற்பியலில் காற்றின் தடை வேகத்தின் இருமடியாக உயர்கிறது. வேகம் இரண்டு மடங்கானால் தடை நாலு மடங்கு. விளையாட்டிலும் இந்தப் போக்கு அப்படியே தெரிகிறது. முதல் நாள்களில் பெங்குவினுக்கு வேகமே இல்லை. அப்போது தடையைக் குறைத்துப் பயனில்லை. ராக்கெட் வந்த பிறகு, அதற்கு மேல் பெரிய ராக்கெட்டை மாட்டியும் தூரம் எதிர்பார்த்த அளவு கூடவில்லையா? அங்கேதான் காற்று தின்றுகொண்டிருக்கிறது. காற்றுத்தடையில் பணம் போட வேண்டிய நாள் அதுவே.

இனி கை. வாங்கிய பொருளுக்கு முழுப் பலனும் அம்புக்குறி விசைகளில்தான் இருக்கிறது. எதையும் மாட்டாத வெறும் பொருளை எறிந்தால், காற்று இல்லாத இடத்தில், 45 பாகைதான் அதிகத் தூரம் போகும் என்று பள்ளியில் படித்திருப்போம். மேடையின் உயரமும் காற்றும் சேர்ந்தால் அந்தக் கோணம் இன்னும் தாழ வேண்டும். கிளைடர் மாட்டியதும் கணக்கே மாறிவிடும். மூக்கை வானத்தை நோக்கித் தூக்கிப் பிடித்தால் உயரம் கிடைப்பது போலத் தோன்றும். வேகம் வடிந்து, ஒரு நொடி தொங்கி, கல்லைப் போல் விழும். நான் செய்வது இப்படி: உச்சிக்குச் சற்று முன்பே மூக்கைத் தாழ்த்திக் கிடைமட்டத்துக்கு அருகே கொண்டுவந்துவிடுவேன். இறங்கும்போது, மூக்கைத் தூக்கும் இடது விசையை அழுத்திப் பிடிக்க மாட்டேன். தொட்டுத் தொட்டு விடுவேன். சட்டியில் தாளிக்கும்போது கரண்டியை அசைப்பது போல அவ்வளவு சிறிய அசைவு. வேகம் குறைந்து மூக்கு தானாகச் சாயத் தொடங்கினால் அதை எதிர்க்காமல் கொஞ்சம் சாயவிட்டு, வேகம் சேர்ந்ததும் மெல்ல நிமிர்த்துவேன். இந்த இறக்கமும் நிமிர்வும் கைக்கு வந்துவிட்டால் அதே பொருள்களோடு தூரம் கண்கூடாகக் கூடும்.

எரிபொருளைப் பற்றி ஆளுக்கொரு கருத்து உண்டு. சறுக்கை விட்ட அந்தக் கணத்திலேயே எல்லாவற்றையும் எரித்து உயரம் வாங்குபவர்கள் உண்டு. ஏற்கெனவே வேகமாகப் போகும்போது எரித்தால் பாதியைக் காற்று எடுத்துக்கொள்கிறது என்பது என் அனுபவம். ஏறும் வேகம் தணியத் தொடங்கும்போது பற்றவைத்து, மூக்கு மேலே இருக்கும்வரை எரித்து, கிடைமட்டம் வந்ததும் நிறுத்திவிடுவேன். ஒரு சிட்டிகை மீதம் வைத்திருப்பேன். தண்ணீருக்குச் சற்று மேலே, கிளைடர் இனித் தாங்காது என்ற இடத்தில் அதைத் தட்டினால் இன்னும் ஒரு நீளச் சறுக்கல் கிடைக்கும்.

2011-இல் வந்த இரண்டாம் பாகத்தில் தூரத்தோடு தடைகளை உடைக்கும் வேலையும் சேர்ந்தது. பனிமனிதன், பனிப்பாறை, கடைசியில் ஒரு பெரும் சுவர். இங்கே முதல் பாகத்தில் பழகிய கை ஏமாற்றும். உடைப்பதற்கு வேகத்தோடு எடையும் வேண்டும். அதற்காகவே சுமை என்று தனியாக வாங்கலாம். எடை கூடினால் பறப்பது சிரமம். எனவே பணம் சேர்க்கும் நாள்களில் சுமையைக் கழற்றிவிட்டுத் தூரம் பறப்பேன். உடைக்கும் நாளில் சுமையை மாட்டி, உயரத்தை விட்டுக்கொடுத்து, தடையின் மீது நேராகப் பாய்வேன். இரண்டையும் ஒரே நாளில் செய்யப் பார்த்தால் இரண்டும் கெடும். மூன்றாம் பாகத்தின் கதை செங்குத்தாக விண்வெளியை நோக்கிப் போகிறது. நல்ல விளையாட்டுதான்; ஆனாலும் தண்ணீருக்கு ஒரு சாண் மேலே கிளைடரைத் தாங்கிப் பிடிக்கும் அந்தத் தவிப்பு அதில் எனக்குக் கிடைக்கவில்லை.

குறை என்று சொன்னால், ஆட்டத்தின் சேமிப்பு அந்தந்தக் கணினியில்தான் இருக்கும். அதனால் சென்டரில் எப்போதும் 4-ஆம் எண் கணினியையே கேட்டு உட்காருவேன். அது காலியாகும் வரை வாசலில் நின்ற நாள்களும் உண்டு. 2012-இல் மின்வெட்டு மணிக்கணக்கில் நீண்டபோது, ஆட்டம் நடுவில் அணைந்துபோவது வழக்கமாகிவிட்டது. ஒரு நாள் சென்டரில் எல்லாக் கணினிகளையும் புதிதாக அமைத்துவிட்டார்கள். என் பெங்குவின் முதல் நாளுக்குத் திரும்பியிருந்தது. கையில் மிஞ்சியது சிட்டை மட்டும்தான். அதைப் பார்த்து, வாங்கிய வரிசையிலேயே வாங்கி, இழந்ததை அன்று மாலையே எட்டிவிட்டேன்.

இந்த விளையாட்டுகளை இணைய உலாவியில் ஓடவைத்த ஃப்ளாஷ் மென்பொருளுக்கான ஆதரவு 2020 டிசம்பர் 31-உடன் முடிந்தது; 2021 ஜனவரி 12 முதல் அதில் எதுவும் ஓடாதபடி தடுக்கப்பட்டது. எத்தனையோ பேருடைய உழைப்பு ஒரே நாளில் இருட்டாகிவிட்டதே என்று உண்மையிலேயே வருந்தினேன். பழைய ஃப்ளாஷ் விளையாட்டுகளைத் திரட்டிக் காக்கும் 'ஃப்ளாஷ்பாயிண்ட்' என்ற தொகுப்பு அந்த வருத்தத்தைத் தீர்த்தது. முதல் இரண்டு பாகங்களையும் இப்போது அதில்தான் விளையாடுகிறேன். மூன்றாம் பாகம் கணினி விளையாட்டுகளுக்கான 'ஸ்டீம்' தளத்தில் இலவசமாகவே கிடைக்கிறது.

கோடை விடுமுறைக்கு அக்கா மகள் திருமங்கலத்திலிருந்து வந்திருந்தாள். எட்டாம் வகுப்பு. சிட்டையைக் காட்டி, முதல் திரும்பும் நாள் கணக்கைச் சொல்லிக்கொடுத்தேன். ஒரு வாரம் அதன்படி ஆடினாள். பிறகு ஒரு காலையில், "மாமா, நீங்கள் ஒவ்வொரு பொருளுக்கும் முன்னும் பின்னும் மூன்று மூன்று நாள் பறந்து பார்க்கிறீர்களே, அந்த நாள்களும் கணக்கில் சேராதா?" என்று கேட்டாள். சேரும். அளந்து பார்க்கவே நான் செலவழித்த நாள்கள் அவை. ஆட்டத்தைப் புதிதாகத் தொடங்கி, என் பழைய பக்கங்களில் இருந்த எண்களை அப்படியே எடுத்துக்கொண்டு, எதையும் அளக்காமல் வாங்கிக்கொண்டே போனாள். என்னுடைய மிகக் குறைந்த நாள் கணக்கை விட மூன்று நாள் முன்னதாக முடித்துவிட்டாள். சிட்டையில் அடுத்த பக்கத்தில் அவள் பெயரை எழுதி, தேதி போட்டு, கீழே கோடு இழுத்திருக்கிறேன்.