டெம்பெஸ்ட் (1928): குடியானவன் கதையில் காணாமற்போன மண்

1928ஆம் ஆண்டு வெளிவந்த ‘டெம்பெஸ்ட்’ என்னும் அமெரிக்க மௌனப் படத்தின் டிவிடியைத் திருத்துறைப்பூண்டியில் எங்கள் வீட்டுக் கூடத்தில் அப்பாயியுடன் உட்கார்ந்து பார்த்தேன். இடையில் வரும் ஆங்கில எழுத்துகளை நான் தமிழில் சொல்லிக்கொண்டே வந்தேன். பாதிப் படத்துக்குமேல் அவருக்கு அதுவும் தேவைப்படவில்லை.

சாம் டெய்லர் இயக்கிய இக்கதை ருஷ்யாவில் ஜார் மன்னராட்சியின் கடைசி நாட்களில் நடக்கிறது. குடியானவர் வீட்டில் பிறந்து, படையில் சார்ஜெண்டாக இருக்கும் ஐவான் முயன்று படித்து அதிகாரியாகிறான். தளபதியின் மகளான இளவரசி தமாராவை விரும்புகிறான். அவள் அறையில் பிடிபட்டதும் பதவி பறிபோய்ச் சிறையில் அடைக்கப்படுகிறான். புரட்சி வந்தபின் அவன் கை ஓங்க, அவள் கைதியாகிறாள்.

ஐவானாக வரும் ஜான் பேரிமோருக்காகவே படத்தைப் பார்க்கலாம். மேட்டுக்குடி அதிகாரிகள் அவனை ஒதுக்கும்போது, புதுச் சீருடை உடம்பில் ஏறியும் பழைய கூச்சம் இறங்காதவனாக அவர் நிற்கும் விதத்தைக் கண்டு, “பண்ணை வாசல்ல துண்ட இடுப்புல கட்டிக்கிட்டு ஒங்க தாத்தா நின்ன மாதிரியே நிக்கிறான்டா” என்றார் அப்பாயி. தமாராவாக கமில்லா ஹார்னும் குறை வைக்கவில்லை. இந்தப் படத்துக்கும் ‘தி டவ்’ படத்துக்கும் சேர்த்து, 1929இல் நடந்த முதல் ஆஸ்கர் விழாவில் வில்லியம் கேமரூன் மென்சீஸ் கலை இயக்க விருது பெற்றார். மாளிகையையும் சிறையையும் பார்த்தால் அது தகும் என்றே தோன்றும்.

புரட்சியைக் காட்டும் இடத்தில்தான் படம் சறுக்குகிறது. 1861இல் பண்ணையடிமை முறை ஒழிந்தபின்னும், தங்களுக்குக் கிடைத்த நிலத்துக்காக ருஷ்யக் குடியானவர்கள் நாற்பது ஆண்டுகளுக்கும் மேலாகத் தவணை கட்டினார்கள். அந்த வயிற்றெரிச்சல் எதுவும் இங்கே இல்லாததால், புரட்சி வெறும் பழிவாங்கலாகச் சுருங்கிவிடுகிறது. பண்ணையார்கள் தண்டனையாகக் கொடுத்த சாணிப்பாலும் சவுக்கடியும் பட்ட பண்ணையாட்கள் போராடி, 1952இல் பண்ணையாள் பாதுகாப்புச் சட்டம் வரக் கண்ட தஞ்சைச் சீமையில் இருந்துகொண்டு இதை என்னால் ஏற்கவே முடியவில்லை.

படப்பிரதியில் சில இடங்களில் கீறல் உண்டு, ஆனால் முகங்கள் தெளிவாகத் தெரிகின்றன. வாங்கிப் பாருங்கள். படம் முடிந்ததும் அப்பாயி கேட்டார்: “அதெல்லாம் சரி, அவன் ஊரு எங்க? அப்பன் ஆத்தாளக் காட்டவே இல்லியே?”