குரூனர் குரலும் ஆஃப்ரோ ஹவுஸும்: குரல் பிரிக்கும் மென்பொருளோடு இரண்டு வருடம்

1950-களின் குரூனர் பாடல்களில் (மைக்கை ஒட்டி மென்மையாகப் பாடுபவர்களின் பாட்டுகள்) இருந்து குரலை மட்டும் உருவி, ஆஃப்ரோ ஹவுஸ் என்ற ஆப்பிரிக்கத் தாளம் கலந்த நடன இசையின் தாளத்தில் உட்கார வைப்பதுதான் இரண்டு வருடமாக என் இரவு வேலை. 2019-இல் டீசர் (Deezer) என்ற இசைச் சேவை நிறுவனம், பாட்டிலிருந்து குரலைப் பிரிக்கும் ஸ்பிளீட்டர் மென்பொருளை இலவசமாக வெளியிட்ட பிறகு, தனிக் குரல் டிராக் கேட்டு யாரிடமும் அலைய வேண்டியதில்லை. நான் பயன்படுத்துவது அதற்குப் பின் வந்த வேறொன்று. பெயர் வேண்டாம், இந்த வகை மென்பொருள் எல்லாமே கிட்டத்தட்ட ஒரே இடத்தில்தான் தடுக்கி விழுகின்றன.

பாடகர் ஒரு சொல்லை இழுத்து நிறுத்தும்போது வயலின்களும் அதே சுரத்தில் நின்றால், அவை குரலோடு ஒட்டிக்கொண்டு வந்துவிடும். அவர் மூச்சு வாங்கும் இடைவெளியில், தண்ணீருக்கடியில் யாரோ முனகுவதுபோல் கேட்கும். டிரம்மர் பிரஷ்ஷால் ஸ்நேர் டிரம்மைத் தேய்க்கும் 'ஷ்ஷ்' சத்தம் வேறு. முதல் ஆறு மாதம் இதைத் துடைத்துத் துடைத்தே தூக்கம் போனது. அப்புறம்தான் உறைத்தது: ஆஃப்ரோ ஹவுஸில் ஷேக்கர் (குலுக்கி ஒலிக்கும் கிலுகிலுப்பை) எப்படியும் விடாமல் ஓடும், அதுவும் அந்த 'ஷ்ஷ்' இருக்கும் அதே உயர் அலைவரிசையில். ஷேக்கரைப் போட்டதும் பிரஷ் காணாமல் போனது. குரலைத் தனியாகக் கேட்டுத் திருத்துவதை அன்றோடு விட்டேன்.

தாளம்தான் என்னை அதிகம் படுத்தியது. அந்தப் பதிவுகளில் கிளிக் டிராக் (வேகம் மாறாமல் இருக்கக் காதில் கேட்கும் 'டிக் டிக்') கிடையாது. 62 பிபிஎம்மில் (நிமிடத்துக்கு 62 அடி) தொடங்கிய பாட்டு முடியும்போது 58-க்கு இறங்கியிருக்கும். இரட்டித்தால் 120-ஐ ஒட்டி வரும், ஆஃப்ரோ ஹவுஸுக்குச் சரியான வேகம். ஆசைப்பட்டு ஒவ்வொரு அசையிலும் வார்ப் மார்க்கர் (குரலை இழுத்துத் தாளத்தோடு பூட்டும் புள்ளி) குத்தினேன். பாடகர் வாய்ப்பாடு ஒப்பிக்கும் பையனாகிவிட்டார்! அடி விழுந்த பிறகு சாவகாசமாக வந்து சேர்வதுதானே அவர் அழகே. இப்போது நான்கு பாருக்கு (தாள ஆவர்த்தனத்துக்கு) ஒரு மார்க்கர், வரியின் முதல் சொல்லில் மட்டும். நடுவில் அவர் இஷ்டம். கிக் டிரம் நாலு அடியும் நேராக விழ, கையால் தட்டும் காங்கா டிரம்மை இரண்டுக்கு மூன்றாகப் பின்னினால், ஸ்விங் பாட்டின் திஸ்ர நடை தானாகப் பொருந்துகிறது. (லாக் டிரம் என்ற ஆழமான பாஸ் தாள ஒலி மட்டும் வேண்டாம், அது தென்னாப்பிரிக்காவின் இன்னொரு நடன இசையான அமாபியானோ பக்கம் இழுத்துவிடும்.)

சுருதியும் அப்படித்தான். டேப் ஓடிய வேகத்தைப் பொறுத்து ஒரு பாட்டு 30 சென்ட் (அரைச் சுரத்தில் நூற்றில் ஒரு பங்கு ஒரு சென்ட்) இறங்கி இருந்தது. குரலை ஏற்றாமல் பாஸை இறக்கினேன்.

பாட்டின் உரிமை ஒருவரிடம், பதிவின் உரிமை இன்னொருவரிடம் இருக்கும். இரண்டு அனுமதியும் இல்லாததால் என் ரீமிக்ஸ்கள் ஹார்ட் டிஸ்கைத் தாண்டவில்லை.

ஒரு வால்ட்ஸ் பாட்டு மட்டும் இன்னும் மசியவில்லை. மூன்றடிக் கணக்கை நாலுக்குள் கொண்டுவர ஒவ்வொரு பாரிலும் ஓர் அடி மௌனம் சேர்த்தேன். வரி மறந்துபோய் மேடையில் விழிப்பவர்போல் நிற்கிறார் மனிதர். அடுத்து அந்த மௌனத்தில் ஒரு மணியோசை வைத்துப் பார்க்க வேண்டும்.