ஆர்லெத்துக்காகவே பார்க்கலாம்: ‘கால் மை ஏஜென்ட்’ தொடர்

அம்மாவுக்கு 76 வயது. பிரெஞ்சு தெரியாது, ஆங்கில சப்டைட்டில் ஓடுகிற வேகத்துக்குப் படிக்கவும் வராது. அதனால் நான் பக்கத்தில் உட்கார்ந்து தமிழில் சொல்லச் சொல்ல, 24 எபிசோடையும் இருவருமாகப் பார்த்து முடித்தோம். தொண்டை கட்டிப்போனதுதான் மிச்சம், ஆனால் ஒரு நாள்கூட அலுக்கவில்லை.

2015இல் ஃபிரான்ஸ் 2 தொலைக்காட்சியில் தொடங்கி 2020 வரை நான்கு சீசன் வந்த தொடர் இது. பிரெஞ்சுப் பெயருக்கு ‘பத்து சதவீதம்’ என்று அர்த்தம். நடிகர்களின் ஏஜென்ட் வாங்கும் கமிஷன் அது. பாரிஸில் அப்படியொரு ஏஜென்சி. முதலாளி விடுமுறைக்குப் போன இடத்தில் குளவியை விழுங்கி இறந்துபோகிறார். மிச்சமிருப்பவர்கள் கம்பெனியைக் காப்பாற்ற ஓடுகிற ஓட்டம்தான் கதை. நிஜ நட்சத்திரங்கள் தங்கள் சொந்தப் பெயரிலேயே வந்துபோகிறார்கள்.

எல்லோரும் இதில் ஏஜென்டாக வரும் கமீய் கோத்தேனைப் பற்றித்தான் பேசுகிறார்கள். நன்றாகத்தான் நடித்திருக்கிறார். ஆனால் எங்கள் வீட்டில் நாயகி ஆர்லெத்தான், அம்மா மொழியில் ‘நாய்க்காரப் பாட்டி’. அந்த ஆபீஸிலேயே மூத்த ஏஜென்ட். கூடவே ஒரு குட்டி நாய், அதற்குப் பழைய நடிகர் ழான் காபேனின் பெயர். மற்றவர்கள் கத்திக்கொண்டு இருக்கும்போது இவர் ஒரு வரி சொல்வார், சண்டை அதோடு அடங்கிவிடும். பாட்டி என்றால் அழ வேண்டும், ஆசீர்வாதம் பண்ண வேண்டும் என்ற கணக்கெல்லாம் இங்கே கிடையாது. வேலை தெரிந்த ஒரு பெண்ணாகவே நடத்தியிருக்கிறார்கள்.

யார் இவர் என்று எழுத்து ஓடும்போது பார்க்கலாம் என்றால், நாங்கள் பார்த்த ஓடிடி விடவில்லை. பெயர்கள் வரத் தொடங்கியதுமே திரையைச் சுருக்கி அடுத்த எபிசோடுக்குத் தாவிவிடும். துணை நடிகர்கள் பெயர் இருப்பதே அந்த இடத்தில்தான். ரிமோட்டோடு மல்லுக்கட்டி ஒருவழியாகப் படித்தேன்: லிலியான் ரோவேர்.

அப்புறம் தேடிப் பார்த்தால், 1933இல் பிறந்தவர். இந்தத் தொடர் வந்தபோது 82 வயது! 1950களில் அமெரிக்காவில் இருந்தவர். ஜாஸ் ட்ரம்பெட் கலைஞர் செட் பேக்கரின் காதலி. நடிப்பில் பெரும்பாலும் சின்னச் சின்ன வேடங்கள்தான். பெர்த்ரான் பிளியேவின் ‘புஃபே ஃப்ருவா’ (1979), தவெர்னியேயின் ‘ரவுண்ட் மிட்நைட்’ (1986), டொமினிக் மோலின் ‘ஹாரி’ (2000) எனப் பல படங்கள். ‘ரவுண்ட் மிட்நைட்’ 1950களின் பாரிஸில் வாழும் ஒரு அமெரிக்க ஜாஸ் கலைஞனின் கதை. அதில் மேடம் குவீனாக வருகிறார். அந்த இசைக்காரர்களோடு நிஜமாகவே பழகியவர் என்று தெரிந்தபின் அந்தப் படத்தை மறுபடி பார்த்தேன். அவர் வருகிற இடமெல்லாம் எனக்கு வேறு மாதிரி தெரிந்தது.

அத்தனை வருடம் ஓரத்தில் நின்று கவனித்தவருக்குத்தான் ஆர்லெத்தின் அந்த நிதானம் வரும் என்று நான் நம்புகிறேன். அவர் எதையும் ‘செய்து காட்டுவது’ இல்லை, சும்மா உட்கார்ந்து கேட்கிறார். நம் கண் அவர் பக்கமே போகிறது.

குறை என்றால், ஆர்லெத்துக்குக் கொடுத்த நேரம் போதாது. காதல் சிக்கல்களில் பாதியை வெட்டிவிட்டு அவருக்கென்று தனியாக ஒரு எபிசோடே எழுதியிருக்கலாம். வயதான இரண்டு நடிகைகள், லீன் ரெனோவும் ஃபிரான்சுவாஸ் ஃபாபியானும் வரும் இரண்டாவது எபிசோடைப் பார்த்தால் தொடரை எழுதியவர்களால் அது முடியும் என்று தெரிகிறது.

இதை முடித்தவர்கள் அடுத்து ‘ஃபேமிலி பிசினஸ்’ தொடரைப் பார்க்கலாம். இறைச்சிக் கடைக் குடும்பத்தின் பாட்டியாக அங்கேயும் ரோவேர்தான். கதை இதைவிட ஒரு மாற்று குறைவு, பாட்டி அப்படியில்லை.

ஆங்கில டப்பிங்கில் மட்டும் பார்க்காதீர்கள். அவருடைய அந்தக் கரகரத்த குரல் போய்விடும். சொல் புரியாத அம்மாவே, நான் மொழிபெயர்ப்பதற்கு முன்னால் அந்தக் குரலைக் கேட்டுச் சிரித்துவிடுவார்.