முதல் ரிசீவர்: ரீஜெனரேட்டிவா, டைரக்ட் கன்வர்ஷனா?

சிற்றலை ரிசீவரை முதல்முறை சொந்தமாகக் கட்ட நினைப்பவர்கள் பலர் தயங்குவது இந்த இரண்டுக்கும் நடுவில்தான்.

செலவு
ரீஜெனரேட்டிவ்: ஒரு எஃப்.இ.டி. (ஒரு வகை டிரான்சிஸ்டர்), கையால் சுற்றிய காயில், வேரியபிள் கண்டென்சர், சின்ன ஆம்ப்ளிஃபையர். பழைய ரேடியோவைப் பிரித்தாலே பாதி சாமான் தேறிவிடும்.
டைரக்ட் கன்வர்ஷன்: எஸ்.ஏ.612 மிக்ஸர் (இரண்டு சிக்னல்களைக் கலக்கும் ஐ.சி.), எல்.எம்.386 ஆடியோ ஐ.சி. சற்றுக் கூடுதல்.

கையாளுதல்
ரீஜெனரேட்டிவ்: அமெரிக்கப் பொறியாளர் எட்வின் ஆர்ம்ஸ்ட்ராங் 1914இல் காப்புரிமை பெற்ற முறை. சிக்னலில் ஒரு பங்கைத் திரும்ப உள்ளே செலுத்தி, அலைவு தொடங்கும் விளிம்பில் நிறுத்த வேண்டும். நிலையம் மாற்றினால் இந்த அளவைக் கட்டுப்படுத்தும் குமிழையும் திருத்த வேண்டும். கை கிட்டே போனாலே ட்யூனிங் நகரும், அதனால் உலோகப் பெட்டியில் கட்டுங்கள். ஆனால் ஒற்றை டிரான்சிஸ்டரிலிருந்து அவ்வளவு உணர்திறன் வருவது உண்மையிலேயே அற்புதம்!
டைரக்ட் கன்வர்ஷன்: வரும் சிக்னலை ரிசீவரின் சொந்த ஆசிலேட்டர் (அலைவை உண்டாக்கும் சுற்று) தரும் அலையோடு கலந்து நேரடியாக ஒலியாக்கும் முறை. ட்யூனிங் குமிழே போதும். ஆசிலேட்டர் நிலையாக இருக்க வேண்டும், அவ்வளவுதான்.

கேட்பது
என்னைப் பொறுத்தவரை முடிவு செய்வது இதுதான். வெளிநாட்டு ஏ.எம். ஒலிபரப்புகள் வேண்டுமா? ரீஜெனரேட்டிவ். டைரக்ட் கன்வர்ஷனில் அவை விசிலோடு வரும். 7 மெகாஹெர்ட்ஸில் ஹாம்கள் (அமெச்சூர் வானொலியாளர்கள்) எஸ்.எஸ்.பி.யில் (ஒற்றைப் பக்கப் பட்டை முறையில்) பேசுவதையும் மோர்ஸையும் கேட்கத்தான் ஆசை என்றால், டைரக்ட் கன்வர்ஷன். ட்யூன் செய்த அதிர்வெண்ணுக்கு மேலும் கீழும் உள்ள இரண்டு பக்கப் பட்டைகளும் சேர்ந்தே கேட்கும், நெரிசலான மாலையில் அதைப் பொறுத்துக்கொள்ளுங்கள்.