ரியால் தெல் மோந்தே: அந்த ஊருக்கு இரண்டரை மணி நேரம் போதவே போதாது

மெக்சிகோ சிட்டியிலிருந்து காலையில் வேனில் ஏற்றிக்கொண்டு போய், ரியால் தெல் மோந்தே என்ற பழைய சுரங்க ஊரைக் காட்டிவிட்டு, ராத்திரிக்குள் திரும்பக் கொண்டுவந்து விடும் ஒருநாள் சுற்றுலாவில் போன வாரம் போய்வந்தேன். நிறுவனத்தின் பெயரைச் சொல்லப் போவதில்லை. பதிவு செய்வதற்கு முன்னால் இதே வழியில் வண்டி விடும் நாலைந்து பேரின் அட்டவணையை வாங்கிப் பார்த்தேன், எல்லாம் கிட்டத்தட்ட ஒன்றுதான், அதனால் நான் சொல்லப்போகும் குறை ஒருவரோடு முடிகிற விஷயம் இல்லை. கைடுக்குப் பத்துக்குப் பத்து தரலாம். அட்டவணைக்கு நாலுக்கு மேல் போட மனம் வரவில்லை.

காலை ஏழு மணிக்கு ரெஃபோர்மா அவென்யூவில் ஏறினோம், மொத்தம் பன்னிரண்டு பேர். திட்டத்தில் நாலு இடம்: பச்சூக்கா நகரம், ரியால் தெல் மோந்தே, உவாஸ்கா, அப்புறம் சாந்தா மரியா ரெக்லாவில் இருக்கும் எரிமலைப் பாறைத் தூண்கள். விளம்பரத்தில் பெரிதாகப் போட்டிருக்கும் படம் அந்தத் தூண்களுடையதுதான். பச்சூக்காவில் 40 மீட்டர் உயர மணிக்கூண்டைக் காட்டினார்கள். மெக்சிகோ சுதந்திரப் போர் தொடங்கிய நூறாவது ஆண்டுக்காக 1910 செப்டம்பர் 15 அன்று திறந்தது. இறங்கினோம், நிமிர்ந்து பார்த்தோம், ஏறினோம். இருபது நிமிஷம், அதற்கு அது சரி.

பச்சூக்காவைத் தாண்டியதும் சாலை வளைந்து வளைந்து ஏற ஆரம்பிக்கிறது, பைன் மரங்கள் வருகின்றன, கண்ணாடியில் பனி படிகிறது. ரியால் தெல் மோந்தே கிட்டத்தட்ட 2,700 மீட்டர் உயரத்தில் இருக்கிறது, மெக்சிகோ சிட்டியைவிடவும் நானூறு மீட்டருக்கு மேல் அதிகம். மே மாதம்தானே என்று மெல்லிய சட்டையோடு வந்தவர்கள் எல்லாம் இறங்கியவுடனே கையைக் கட்டிக்கொண்டு நின்றார்கள். ஸ்வெட்டர் கட்டாயம் வேண்டும். தெருவெல்லாம் கல் பாவிய ஏற்ற இறக்கம், பத்துப் படி ஏறினாலே மூச்சு வாங்குகிறது, வழுக்காத செருப்போ ஷூவோ இல்லாமல் போகாதீர்கள். சரிவான சிவப்புத் தகரக் கூரைகள், அவற்றுக்கு மேலே மூடுபனி, நடுவே எங்கோ ஒரு பழைய சுரங்கப் புகைபோக்கி. ஊர் அழகு, அதில் இரண்டாவது பேச்சே இல்லை. அழகாக இருக்கும் ஊர்களுக்கு மெக்சிகோ அரசு கொடுக்கும் ‘புவெப்லோ மாஹிகோ’ பட்டம் 2004-லேயே இதற்குக் கிடைத்துவிட்டது.

ஆனால் இந்த ஊரை அழகுக்காக மட்டும் பார்த்துவிட்டு வந்தால் பாதிதான் பார்த்ததாக அர்த்தம். மீதிப் பாதியைக் காட்டியது எங்கள் கைடு. ஐம்பது வயதிருக்கும் அம்மா, இதே ஊரில் பிறந்தவர், அப்பா சுரங்கத்தில் வேலை பார்த்தவர். ஸ்பானிஷிலும் ஆங்கிலத்திலும் மாறி மாறிப் பேசினார், மனப்பாடம் பண்ணி ஒப்பிக்கிற தொனி ஒரு இடத்தில்கூட இல்லை. வெள்ளிக் கதையை அவர் ஆரம்பித்ததே பச்சூக்காவில் பார்த்தலோமே தே மெதினா என்பவர் 1550-களில் பாதரசத்தைக் கொண்டு தாதுவிலிருந்து வெள்ளி பிரிக்கும் முறையைப் பெரிய அளவில் செய்துகாட்டியதிலிருந்துதான். தரம் குறைந்த தாதுவிலும் லாபம் பார்க்கலாம் என்று ஆனதும் மலையைத் தோண்டிக்கொண்டே போயிருக்கிறார்கள். தோண்டத் தோண்டத் தண்ணீர். இந்த ஊரின் சரித்திரம் முழுவதையும் ‘வெள்ளி எடுக்க வேண்டும், அதற்குத் தண்ணீரை இறைக்க வேண்டும்’ என்று ஒரே வரியில் சொல்லிவிடலாம் என்றார்.

18-ஆம் நூற்றாண்டில் அந்தத் தண்ணீரை வடிக்க மலைக்கு அடியில் நீளமாக ஒரு வடிகால் சுரங்கம் வெட்டி முடித்துப் பெரும் பணக்காரர் ஆனவர் பெத்ரோ ரொமேரோ தே தெரேரோஸ். பிற்பாடு ரெக்லா பிரபு என்ற பட்டமும் வாங்கினார். மெக்சிகோ சிட்டியில் ஸோக்காலோ சதுக்கத்துக்குப் பக்கத்தில் இன்றைக்கும் நடக்கும் மோந்தே தே பியெதாத் அடகுக் கடை அவர் 1775-ல் தொடங்கியதுதான். அதன் வாசலை நான் எத்தனையோ தடவை கடந்து போயிருக்கிறேன், அந்தப் பணம் இந்த மலையிலிருந்து வந்தது என்று தெரியாது.

அங்கேதான் கைடு நிறுத்தி, சுரங்கத் தொழிலாளி சிலைக்குப் பக்கத்துப் படிகளில் எங்களை உட்கார வைத்து, 1766 வேலைநிறுத்தத்தைச் சொன்னார். அமெரிக்கக் கண்டத்தின் முதல் வேலைநிறுத்தம் என்று இந்த ஊர்க்காரர்கள் பெருமையாகச் சொல்லும் சம்பவம். கூலியை விடவும் தொழிலாளிகளுக்கு முக்கியமாக இருந்தது ‘பார்த்தீதோ’ என்ற பங்கு. முதலாளிக்குக் கொடுக்க வேண்டிய தாதுவை முடித்த பிறகு, கூடுதலாக வெட்டுகிற மூட்டையில் தொழிலாளிக்கும் ஒரு பங்கு உண்டு. இயல்பாகவே நல்ல தாது அந்த மூட்டைக்குத்தான் போகும். தெரேரோஸ் என்ன செய்தார் என்றால், இரண்டையும் ஒன்றாகக் கலந்த பிறகே பங்கு பிரிக்க வேண்டும் என்று உத்தரவு போட்டார், எடுபிடி ஆட்களின் நாள் கூலியையும் நாலு ரியாலிலிருந்து மூன்றாகக் குறைத்தார். ஊரே எழுந்தது, கலவரத்தில் பச்சூக்காவின் அரசு அதிகாரியே கொல்லப்பட்டார். பங்கு மூட்டையைக் கலக்கிற மாதிரி கைடு இரண்டு கையையும் சேர்த்துப் பிசைந்து காட்டினார். கூட வந்த ஒரு சின்னப் பையனுக்குக்கூட அது அநியாயம் என்று புரிந்துவிட்டது.

அடுத்து, இங்கிலாந்தின் தென்மேற்கு மூலையில் இருக்கும் கார்ன்வால் பகுதிக்காரர்கள். மெக்சிகோ விடுதலை பெற்ற சமயத்தில் சுரங்கங்கள் மறுபடி தண்ணீரில் முழுகிக் கிடந்தன. 1824-ல் லண்டனில் ஒரு கம்பெனி ஆரம்பித்து, தகரச் சுரங்கங்களில் பழகிய கார்ன்வால் ஆட்களையும் நீராவி இயந்திரங்களையும் கப்பல் ஏற்றினார்கள். வெராக்ரூஸ் துறைமுகத்துக்கு எதிரே இருந்த கோட்டை அப்போதும் ஸ்பானியர் கையில் இருந்ததால், 1825-ல் மொகாம்போ கடற்கரை மணலில் சாமான்களை இறக்க வேண்டியதாயிற்று. கூடவே மஞ்சள் காய்ச்சல். வந்தவர்களில் பல பேர் மலையைக் கண்ணால் பார்க்காமலே அங்கேயே இறந்துபோனார்கள். மிச்சம் இருந்தவர்கள் அவ்வளவு இரும்பையும் சாலை இல்லாத மலையில் இழுத்துக்கொண்டு 1826-ல் இங்கே வந்து சேர்ந்தார்கள். அவ்வளவு பாடுபட்டும் கம்பெனிக்கு நஷ்டம்தான், 1849-ல் மெக்சிகோ முதலாளிகளுக்கு விற்றுவிட்டுப் போனார்கள். ஆட்களில் பல பேர் மட்டும் இங்கேயே தங்கிவிட்டார்கள்.

அகோஸ்தா சுரங்கம் இந்தப் பயணத்தின் உச்சம். 1727-ல் தொடங்கி 1985 வரை ஓடிய சுரங்கம், இப்போது அருங்காட்சியகம். தலையில் ஹெல்மெட்டை மாட்டிவிட்டு, மலைக்குள் படுக்கைவாட்டில் சுமார் 400 மீட்டர் கூட்டிக்கொண்டு போகிறார்கள். உள்ளே சில்லென்று ஈரக் காற்று, காலுக்கடியில் சேறு, கூரையிலிருந்து ஹெல்மெட்டில் ‘டொக் டொக்’ என்று தண்ணீர் சொட்டுகிறது. ஒரு இடத்தில் விளக்கை எல்லாம் அணைக்கச் சொன்னார்கள். கையை மூக்குக்கு நேராக வைத்தாலும் தெரியவில்லை. ஒரு நிமிஷம் யாரும் பேசவில்லை, தண்ணீர் சத்தம் மட்டும்தான். அப்பா இந்த இருட்டுக்குள் விடியும் முன்னே போய் இருட்டிய பிறகு வெளியே வருவார், வெயில் பார்க்கிறது ஞாயிற்றுக்கிழமை மட்டும்தான் என்று கைடு மெதுவாகச் சொன்னபோது எனக்குத் தொண்டை அடைத்துக்கொண்டது. இடுக்கமான இடம் ஒத்துக்கொள்ளாதவர்கள் இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், மற்றவர்கள் எதை விட்டாலும் இதை விடாதீர்கள்.

இனி என் மனத்தாங்கல். சுரங்கத்திலிருந்து வெளியே வந்ததும் ‘நாற்பது நிமிஷம் உங்கள் நேரம்’ என்றார்கள். அந்த நாற்பது நிமிஷத்துக்குள் இந்த ஊர் பலகாரமான பாஸ்தே சாப்பிட வேண்டும், மேலே குன்றில் இருக்கும் ஆங்கிலேயர் கல்லறைக்குப் போக வேண்டும், 1907-ல் சுரங்கத் தொழிலாளிகளுக்காகத் திறந்த பழைய மருத்துவமனையில் இருக்கும் அருங்காட்சியகத்தையும் பார்க்க வேண்டும். எப்படி முடியும்? பாறைத் துளைக்கும் இயந்திரங்கள் வந்த பிறகு கல் தூசி நுரையீரலில் படிந்து சிலிக்கோசிஸ் வந்து எத்தனையோ பேர் மூச்சு விட முடியாமல் செத்துப்போன ஊர் இது. வெள்ளியின் கதையைக் கேட்டவர்கள் அந்தத் தூசியின் கதையையும் பார்த்துவிட்டுத்தானே போக வேண்டும்? கைடிடம் கேட்டேன். தன் கையில் எதுவும் இல்லை, அலுவலகத்தில் போடுகிற நேரம் என்றார், அவருக்கே அது வருத்தம் என்பது முகத்தில் தெரிந்தது. மருத்துவமனையை வெளிவாசலோடு பார்த்துவிட்டுத் திரும்பினேன்.

கல்லறைக்கு மட்டும் டிரைவர் பெரிய மனது பண்ணி வேனிலேயே ஏற்றிக்கொண்டு போனார், பதினைந்து நிமிஷம் கிடைத்தது. உயரமான மரங்களுக்கு நடுவே பாசி பிடித்த கற்கள், நூற்றுக்கணக்கில். கிட்டத்தட்ட எல்லாமே இங்கிலாந்து இருக்கும் திசையைப் பார்த்து வைத்தவை என்று சொல்கிறார்கள். ஒரு கல்லில் பெயருக்குக் கீழே பிறந்த ஊர் கார்ன்வால் என்றும் இறந்த ஊர் ரியால் தெல் மோந்தே என்றும் வெட்டியிருந்தது, நடுவே எழுத்து தேய்ந்துபோயிருந்தது. விரலால் தடவித்தான் படித்தேன். அதற்குள் ஹாரன் அடித்துவிட்டார்கள்.

சரி, பாஸ்தே. கார்ன்வாலில் சுரங்கத் தொழிலாளிகள் கட்டிக்கொண்டு போகும் பேஸ்டிதான் இங்கே வந்து பாஸ்தே ஆகிவிட்டது. அரை வட்டமாக மடித்த மாவு, ஓரத்தில் கயிறு முறுக்கின மாதிரி தடித்த விளிம்பு. அழுக்குக் கையால் அந்த விளிம்பைப் பிடித்துக்கொண்டு மற்றதைச் சாப்பிட்டுவிட்டு அதைத் தூக்கிப் போட்டுவிடுவார்களாம். பழைய பக்குவத்தில் உருளைக்கிழங்கு, மாட்டிறைச்சி, லீக்ஸ் என்ற வெங்காயத்தாள் மாதிரிக் காய் எல்லாவற்றையும் பச்சையாகவே உள்ளே வைத்து மூடி அடுப்பில் வேகவைக்கிறார்கள், இதே மாதிரி மாவில் மடித்துச் செய்யும் எம்பனாதா என்ற பலகாரத்துக்கும் இதற்கும் அதுதான் வித்தியாசம். மெக்சிகோவுக்கு வந்ததும் மிளகாயும் சேர்ந்துவிட்டது. நான் வாங்கியது அடுப்பிலிருந்து அப்போதுதான் எடுத்தது, காகிதம் முழுக்க நெய் மாதிரி கசிந்து, பிட்டதும் மிளகு வாசனையோடு ஆவி முகத்தில் அடித்தது. கிழங்கு குழையாமல், இறைச்சிச் சாறு அதில் இறங்கி, அந்தக் குளிருக்கு அப்படி ஒரு சுகம். இரண்டாவதாக அன்னாசிப்பழம் வைத்தது வாங்கினேன், அதுவும் நன்றாகவே இருந்தது. சைவக்காரர்கள் கவனிக்க: பீன்ஸ் வைத்த பாஸ்தே எல்லாக் கடையிலும் கிடைக்கும், ஆனால் மாவில் பன்றிக் கொழுப்பு சேர்ப்பது வழக்கம், ‘மாந்தேகா’ போட்டிருக்கிறதா என்று கேட்டுவிட்டு வாங்குங்கள். பாஸ்தேவுக்கென்று ஒரு அருங்காட்சியகமும் இருக்கிறது, நீங்களே மாவை மடித்துச் சுட்டுச் சாப்பிடலாம். 2014-ல் இளவரசர் சார்லஸ்கூட அங்கே வந்துவிட்டுப் போனார். எங்களுக்குத்தான் நேரம் இல்லை.

இவ்வளவையும் விட்டுவிட்டு எங்கே ஓடினோம் என்றால், உவாஸ்காவில் ஒரு பஃபே சாப்பாட்டுக்கு. பாஸ்தே சாப்பிட்டு ஒரு மணி நேரம்கூட ஆகவில்லை, யாருக்கும் பசி இல்லை, ஆறிப்போன சாதமும் கோழியும், ஒன்றரை மணி நேரம் அங்கேயே போய்விட்டது. சுற்றுலா வேன்கள் வரிசையாக நிற்பதைப் பார்த்தாலே ஏற்பாடு என்ன என்று புரிகிறது. அந்த ஒன்றரை மணி நேரத்தை ரியால் தெல் மோந்தேவில் கொடுத்திருந்தால் மருத்துவமனை, கல்லறை, பாஸ்தே மூன்றையும் நிதானமாகப் பார்த்திருக்கலாம். என் ஆதங்கமெல்லாம் இதுதான்.

பாறைத் தூண்களைக் குறை சொல்ல மாட்டேன். எரிமலைக் குழம்பு ஆறி இறுகும்போது வெடித்து ஐந்து, ஆறு பக்கத் தூண்களாக நிற்கிறது, இடையில் அருவி விழுகிறது, 1803-ல் ஜெர்மன் விஞ்ஞானி ஹம்போல்ட் வந்து பார்த்து வரைந்த இடம். ஞாயிற்றுக்கிழமை என்பதால் தொங்குபாலத்தில் ஏற வரிசை. படம் எடுத்தோம், வந்தோம்.

திரும்பும்போது மெக்சிகோ சிட்டிக்குள் நுழைகிற இந்தியோஸ் வெர்தெஸ் பக்கம் வாகன நெரிசல், ஒன்பதுக்கு விட வேண்டியவர்கள் பத்தரைக்கு விட்டார்கள். அது அவர்கள் தப்பு இல்லை, ஞாயிறு மாலை அந்தச் சாலை அப்படித்தான். வண்டி சுத்தம், டிரைவர் நிதானம், மலை வளைவில் ஒரு தடவைகூட பயம் காட்டவில்லை. கைடுக்கு டிப்ஸ் தனியாக பெசோவில் கையில் கொடுங்கள், இந்த வேலைக்கு அவருக்குக் கிடைக்கும் சம்பளம் போதாது என்று எனக்குத் தோன்றியது.

நீங்கள் பதிவு செய்வதாக இருந்தால் எத்தனை இடம் காட்டுவீர்கள் என்று கேட்காதீர்கள், ரியால் தெல் மோந்தேவில் எத்தனை மணி நேரம் நிற்பீர்கள், கைடு உள்ளூர் ஆளா, அகோஸ்தா டிக்கெட் இதில் அடங்குமா என்று கேளுங்கள். மூன்று மணி நேரத்துக்குக் குறைவாகச் சொன்னால் வேறு ஆளைப் பாருங்கள். ஸ்பானிஷ் கொஞ்சம் தெரிந்தவர்கள் வடக்குப் பேருந்து நிலையத்தில் பச்சூக்கா பஸ் ஏறி, அங்கிருந்து ஊருக்குப் போகும் ‘கோம்பி’ வேனில் ஏறிவிடலாம். திங்கட்கிழமை வேண்டாம், அருங்காட்சியகங்கள் பலவும் பூட்டியிருக்கலாம். நான் அக்டோபரில் பாஸ்தே திருவிழா சமயத்தில் அப்படித்தான் போகப் போகிறேன், ஒரு ராத்திரி தங்கி, காலையில் முதல் வேலையாக அந்த மருத்துவமனைக்குள் நுழைய வேண்டும். கைடு அம்மாவின் எண்ணை வாங்கி வைத்திருக்கிறேன், அன்றைக்கு வேறு வண்டி இல்லையென்றால் கூட வருவதாகச் சொல்லியிருக்கிறார்.